ஒரு மலை, ஐந்து தேதி

5-1-09.

இதைப் படித்ததும் உங்களுக்கு என்ன தோன்றுகிறது? ஜனவரி 5 என்றுதானே? இதே காகிதத்தை அமெரிக்காவில் பிறந்து வளர்ந்த உங்கள் சித்தப்பா பேரனிடம் நீட்டிப் பாருங்கள். 'மே ஒண்ணு' என்பான். அவன் சொல்வதும் சரி, நீங்கள் சொல்வதும் சரி. பிரச்னையே அதுதான்!

இது சும்மா உதாரணத்துக்குப் பிடித்துப் போட்ட தேதி அல்ல. 1909 ஜனவரி 5-ம் தேதி, கொடைக்கானல் சூரிய ஆய்வகத்தில் ஜான் எவர்ஷெட் என்ற ஆங்கிலேயர் சூரியக் கரும்புள்ளிகளின் நிறமாலையைப் படம் பிடித்தார். கரும்புள்ளியைச் சுற்றி மங்கலாக ஒரு வளையம் இருக்குமே, அதில் வாயு உள்ளிருந்து வெளிப்பக்கமாகப் பாய்ந்துகொண்டிருப்பதற்கான தடயம் அந்தப் படங்களில் இருந்தது. உலகம் முழுக்க விண்ணியல் மாணவர்கள் இன்றைக்கும் 'எவர்ஷெட் விளைவு' என்று படிப்பது இதைத்தான். கொடைக்கானலில் பிறந்த பெரிய கண்டுபிடிப்பு. அதன் தேதியை வெறும் மூன்று எண்களாக எழுதிவைத்தால், படிக்கிற ஆளைப் பொறுத்து நாலு மாதம் முன்னே பின்னே போய்விடும். '09' என்பது 1909-ஆ, 2009-ஆ என்று இன்னொருவர் கேட்டால் நூறு வருஷமும் போச்சு!

'தேதியை எப்படி எழுதினால் என்னப்பா, இதுக்கெல்லாமா சண்டை?' என்று நீங்கள் கேட்கலாம். சண்டை நடந்திருக்கிறது. அதுவும் எப்பேர்ப்பட்ட சண்டை! வருஷக்கணக்கில் வாதம், பஞ்சாயத்து, தடை, தண்டனை என்று எல்லாம் பார்த்த சண்டை. அதைச் சொல்வதற்கு முன்னால் கொடைக்கானலை ஒரு சுற்றுச் சுற்றி வந்துவிடலாம். அந்தச் சண்டையில் இருந்த அத்தனை கட்சிக்காரர்களும் நூறு வருஷத்துக்கு முன்பே இந்த ஒரே மலையில் குடியிருந்தார்கள்.

முதல் கட்சி, நாம். பழனி மலையின் அடிவாரத்தில் தைப்பூசம். இந்தத் தேதியில் எண்ணே கிடையாது, கவனித்தீர்களா? தை மாதம், பூச நட்சத்திரம். அவ்வளவுதான். இங்கிலீஷ் காலண்டரில் அது ஜனவரியிலும் வரும், பிப்ரவரியிலும் வரும். காவடி எடுப்பவருக்கு அதனால் ஒரு குழப்பமும் இல்லை. மலையில் இருக்கும் பளியர் மக்கள் குறிஞ்சிப் பூவை வைத்து வயதுக் கணக்குப் பார்த்தார்கள் என்பார்கள். 12 வருஷத்துக்கு ஒரு முறை பூக்கும். 1994, 2006, 2018 என்று பூத்தது. மூன்று குறிஞ்சி பார்த்தவர் என்றால் இருபத்து நாலைத் தாண்டியவர்!

இரண்டாவது கட்சி, அமெரிக்கர்கள். மற்ற மலைவாசஸ்தலங்களை ஆங்கிலேயர் உருவாக்கினார்கள் என்றால், கொடைக்கானலில் முதலில் பங்களா கட்டியவர்கள் அமெரிக்க மதுரை மிஷன் பாதிரிமார்கள். வருஷம் 1845. சமவெளியின் வெயிலும் காய்ச்சலும் காலராவும் தாங்காமல் மேலே ஏறினார்கள். அவர்கள் பிள்ளைகளுக்காக 1901-ல் ஒரு பள்ளிக்கூடமும் வந்தது. இன்றைய கொடைக்கானல் சர்வதேசப் பள்ளி அதுதான். அமெரிக்க வழக்கப்படி மாதம் முதலில், அப்புறம் நாள், கடைசியில் வருஷம்.

மூன்றாவது கட்சி, ஆங்கிலேய அதிகாரிகள். மதுரை கலெக்டராக இருந்த வியர் ஹென்றி லெவிஞ்ச் 1863-ல் ஏரியை உருவாக்கினார். இவர்களுடைய சர்க்கார் நமக்குப் பழக்கிவிட்டுப் போன வரிசை நாள், மாதம், வருஷம்.

நான்காவது கட்சி, செண்பகனூரின் சேசு சபையினர். 1895-ல் அங்கே திரு இருதயக் கல்லூரி எழுந்தது. மதுரை சேசு சபையின் ஆவணக் காப்பகமும் செண்பகனூரில்தான் இருக்கிறது. 1838-ல் மதுரை மிஷனை மறுபடி தொடங்கியவர்கள் பிரெஞ்சுக்காரர்கள். அந்தக் காலத்துப் பிரெஞ்சுக் கடிதங்களில் ஒரு குறும்பான சுருக்கம் உண்டு. செப்டம்பரை '7' என்ற எண்ணைப் போட்டு 'பர்' என்பதுபோல ஒரு வாலைச் சேர்த்து எழுதுவார்கள். அக்டோபருக்கு 8, நவம்பருக்கு 9. காரணம், ரோமானியரின் பழைய வருஷம் மார்ச்சில் தொடங்கியது. 'செப்தெம்' என்றால் லத்தீனில் ஏழு. நம்ம ஊர் குமாஸ்தா கையில் அந்தக் கடிதம் கிடைத்தால், 7-ஐப் பார்த்து ஜூலை என்று பதிவேட்டில் ஏற்றிவிடுவார். அவர் மேல் என்ன தப்பு?

ஐந்தாவது கட்சி, விண்ணியலாளர்கள். அவர்களுக்கு எப்போதும் பெரிசிலிருந்து சிறிசு. வருஷம், மாதம், நாள், மணி, நிமிஷம். அதோடு விட்டார்களா? 1925 ஜனவரி 1 வரைக்கும் விண்ணியல் வழக்கில் நாள் பிறப்பதே நடுப்பகலில்தான்! ராத்திரி முழுக்க நட்சத்திரம் பார்ப்பவருக்கு நடு ராத்திரியில் தேதி மாறினால் குழப்பம் என்று அந்த ஏற்பாடு. ஆனால் சூரியனைப் பார்ப்பவருக்கு அது தலைவலி. காலை எட்டு மணிக்குப் பிடித்த படம், அந்தக் கணக்கில் முந்தின நாள் தேதிக்குப் போய்விடும்.

ஒருநாள் வித்தியாசம் அவ்வளவு முக்கியமா? முக்கியம். பூமியிலிருந்து பார்க்கும்போது சூரியன் சுமார் 27 நாளில் ஒரு சுற்று சுற்றுகிறது. அதாவது ஒரு கரும்புள்ளி ஒரே நாளில் 13 டிகிரிக்கு மேல் நகர்ந்துவிடும். கொடைக்கானலில் 1904-லிருந்து எடுத்த சூரியப் படங்கள் ஒரு நூற்றாண்டைத் தாண்டிக் குவிந்திருக்கின்றன. இன்று அவை கம்ப்யூட்டருக்குள் ஏறிவிட்டன. அந்தக் கண்ணாடித் தகட்டில் தேதி தப்பாகப் படிக்கப்பட்டால், சூரியன் அன்றைக்கு எப்படி இருந்தது என்று கேட்க வேறு வழி இல்லை.

இந்த ஆய்வகம் எதற்காக வந்தது என்று யோசித்தால் விஷயம் இன்னும் நெருங்கி வரும். 1876-78-ல் சென்னை மாகாணத்தைச் சூறையாடியது பஞ்சம். மழை பொய்த்ததற்கும் சூரியனுக்கும் சம்பந்தம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும் என்ற பேச்சு அப்போதுதான் வலுத்தது. மலை உச்சியில் சூரிய ஆய்வகம் வந்ததற்கு அது ஒரு முக்கியக் காரணம். சூரியப் படத்தின் தேதியை மழைக்கணக்கின் தேதியோடு பொருத்திப் பார்க்க வேண்டிய வேலை அது. அந்தப் பஞ்சத்தை நம் கிராமங்கள் எப்படி ஞாபகம் வைத்திருந்தன தெரியுமா? 'தாது வருஷப் பஞ்சம்' என்று. அழகான தேதி. ஆனால் தாது வருஷம் 60 வருஷத்துக்கு ஒரு முறை திரும்பி வரும். 1936-ல் வந்தது, 1996-ல் வந்தது. 2000-ம் வருஷம் பிறக்கும்போது உலகம் 'ஒய்-டூ-கே' என்று அலறியதே, வருஷத்தை இரண்டு இலக்கத்தில் எழுதிய வினை, அதற்கு நம் பாட்டன் காலத்து அண்ணன் இது.

சரி, இந்த ஐந்து கட்சியில் இன்றைய தமிழர் எந்தக் கட்சி? 'தேதி, மாதம், வருஷம். இதிலென்ன சந்தேகம்?' என்று சட்டென்று சொல்லிவிடாதீர்கள். சுதந்திர தினம் எப்போது? 'ஆகஸ்ட் பதினஞ்சு.' தொழிலாளர் தினம்? 'மே ஒண்ணு.' பொங்கல்? 'தை ஒண்ணு.' காவிரிக்கரையில்? 'ஆடிப் பதினெட்டு.' எல்லாமே மாதம் முதலில்! பேனாவைக் கையில் எடுத்தால் மட்டும் 15.8.1947 என்று எழுதுகிறோம். வாயால் அமெரிக்கர், கையால் ஆங்கிலேயர்! சென்னையில் பிறந்த 'தி ஹிந்து' ஆங்கில நாளிதழே முதல் பக்கத்தில் மாதத்தைத்தான் முன்னால் போட்டு வந்திருக்கிறது. 2001-ல் நியூயார்க் கோபுரங்கள் சரிந்ததை நாமும் 'நைன் இலெவன்' என்கிறோம். அது அமெரிக்க வரிசை. 2008-ல் மும்பை தாக்கப்பட்டதை 'ட்வென்டி சிக்ஸ் இலெவன்' என்கிறோம். அது நம் வரிசை. முதலாவதில் 11 என்பது நாள், இரண்டாவதில் 11 என்பது மாதம். இரண்டையும் ஒரே மூச்சில் சொல்கிறோம், யாரும் தடுக்கி விழுவதில்லை. ஏனென்றால் சம்பவம் நமக்குத் தெரியும். தெரியாதவன் படிக்கும்போதுதான் சிக்கல்.

தெரியாதவன் படிப்பதற்காகவே எழுதப்படுகிற ஒன்று கலைக்களஞ்சியம். இப்போது அந்தச் சண்டைக்கு வருவோம்.

2001 ஜனவரி 15-ல் பிறந்தது விக்கிப்பீடியா. யார் வேண்டுமானாலும் எழுதலாம், திருத்தலாம். அமெரிக்கர் ஒருவர் மாதத்தை முன்னால் வைத்து எழுதுவார். லண்டன்காரர் வந்து நாளை முன்னால் மாற்றுவார். அவர் தூங்கப்போனதும் அமெரிக்கர் மறுபடி மாற்றுவார். கட்டுரையில் ஒரு புது விஷயமும் சேராது, தேதி மட்டும் குதித்துக்கொண்டே இருக்கும்.

2003-ல் இதற்கு ஒரு சாமர்த்தியமான வைத்தியம் கண்டுபிடித்தார்கள். தேதியைச் சதுர அடைப்புக்குள் போட்டு இணைப்பாக்கிவிட்டால், அவரவர் விருப்பப்படி அது மாறித் தெரியும். அமெரிக்கருக்கு அமெரிக்க வரிசை, ஆங்கிலேயருக்கு ஆங்கில வரிசை. பிரச்னை தீர்ந்ததா? தீரவில்லை. அந்த வசதி கணக்குத் திறந்து உள்ளே நுழைந்து, விருப்பத்தையும் குறித்துவைத்தவர்களுக்கு மட்டும்தான். வெறுமனே படிக்க வருகிற கோடிக்கணக்கானவர்களுக்கு, எழுதியது எழுதியபடி கலந்துகட்டித் தெரிந்தது. ஒரே கட்டுரையில் மேல் பாராவில் மாதம் முன்னால், கீழ் பாராவில் நாள் முன்னால். திருத்த வேண்டிய ஆசிரியர்களின் திரையிலோ எல்லாம் ஒழுங்காக இருந்தது! முதலாளி மேஜைக்குப் போகிற கணக்கு மட்டும் டேலி ஆகி, கடைக்கணக்கு கந்தலாகக் கிடப்பது மாதிரி. பி.காம். படித்தவனுக்கு இந்த வியாதி நன்றாகவே தெரியும்.

2008 ஆகஸ்டில் அந்த வைத்தியத்தைக் கைவிடுவது என்று முடிவானது. அப்புறம்தான் நிஜமான போர். பழைய இணைப்புகளை நீக்க ஒரு கோஷ்டி தானியங்கி நிரல்களோடு இறங்கியது. 'யாரைக் கேட்டு நீக்குகிறாய்?' என்று இன்னொரு கோஷ்டி திரும்பப் போட்டது. பஞ்சாயத்து விக்கிப்பீடியாவின் நடுவர் குழுவுக்குப் போனது. 2009 ஜனவரியில் குழு இடைக்காலத் தடை போட்டது. ஜூனில் தீர்ப்பு. பல ஆசிரியர்கள் மேல் கட்டுப்பாடுகள் விழுந்தன. மனமுவந்து, காசு வாங்காமல் உழைத்தவர்கள், ஒரு கமா எங்கே வர வேண்டும் என்பதில் சிக்கித் தண்டனை வாங்கினார்கள்.

சிரிக்கத் தோன்றும். ஆனால் அந்தக் களேபரத்தைச் சுற்றி ஊறிப் பக்குவமான விதிகள் நல்ல விதிகள். ஒரு கட்டுரை எந்த நாட்டோடு ஒட்டியதோ, அந்த நாட்டு வழக்கம். எந்த நாட்டோடும் ஒட்டாததா? முதலில் எழுதியவர் வைத்த வரிசையை அப்படியே விடு, காரணமில்லாமல் கை வைக்காதே. வெறும் எண்களில் எழுதாதே, மாதத்தை எழுத்தில் எழுது. எண்ணில்தான் எழுத வேண்டுமென்றால் வருஷம், மாதம், நாள் என்ற வரிசை மட்டும். கடைசியாகச் சொன்னது எவர்ஷெட்டின் விண்ணியல் வரிசைதான். சர்வதேசத் தர நிறுவனமும் 1988-ல் எண் தேதிக்கு இதையே தரமாக அறிவித்தது. 1909-01-05 என்று எழுதினால் மே மாதம் என்று யாரும் படிக்க மாட்டார்கள்.

முதல் விதியைக் கொடைக்கானலுக்குப் போட்டுப் பாருங்கள். பங்களா கட்டியவர் அமெரிக்கர், ஏரி வெட்டியவர் ஆங்கிலேயர், கல்லூரி வைத்தவர்கள் பிரெஞ்சுக்காரர்கள், மலை நம்முடையது. எந்த நாட்டு வழக்கம்? இந்தியா என்றே வைப்போம். எந்த இந்திய வழக்கம்? வாய் வழக்கமா, கை வழக்கமா? விதி எழுதுவது சுலபம்தான்!

2003-ல் தொடங்கிய தமிழ் விக்கிப்பீடியாவில் சண்டைக்கு வேறு ருசி. அங்கே வரிசையைவிட எழுத்துதான் பெரிய வழக்கு. 'ஜனவரி'யா, 'சனவரி'யா? கிரந்த எழுத்து கூடாது என்பவர்கள் சனவரி, சூன், சூலை, ஆகத்து என்று எழுதினார்கள். 'பள்ளிக்கூடத்துப் பிள்ளைக்கு ஆகத்து என்றால் புரியுமா?' என்று மற்றவர்கள் கேட்டார்கள். ஈழத் தமிழர்கள் 'யூலை', 'ஒக்டோபர்' என்ற தங்கள் வழக்கோடு வந்தார்கள். இதில் யாரை விரட்டுவது? 1983-ல் வீடிழந்து உறவிழந்து வந்த ஒருவருக்கு அது 'கறுப்பு யூலை'. அந்த 'யூ'வை எழுத்துப் பிழை என்று நினைத்து அடித்துத் திருத்தினால், தப்பு திருத்தியவர் மேல்தான்.

இதெல்லாம் இன்டர்நெட் வந்த பிறகு வந்த வினை என்று நினைக்க வேண்டாம். 1746-ல் லா பூர்தொனே என்ற பிரெஞ்சுத் தளபதி சென்னைக் கோட்டையைப் பிடித்தார். எந்தத் தேதி? புதுச்சேரியில் கேட்டால் செப்டம்பர் 21. சென்னையில் இருந்த ஆங்கிலேயரைக் கேட்டால் செப்டம்பர் 10. இருவருமே உண்மைதான் சொன்னார்கள். பிரான்ஸ் புதிய கிரிகோரியன் காலண்டருக்கு எப்போதோ மாறியிருந்தது. இங்கிலாந்து 1752 வரை பழைய ஜூலியன் காலண்டரையே கட்டிக்கொண்டு அழுதது. நடுவில் 11 நாள் பள்ளம். ஆனால் ஒன்றில் மட்டும் எதிரிகளுக்குள் ஒற்றுமை. இரண்டு பேர் கணக்கிலும் அன்று புதன்கிழமை!

இந்தக் கிழமை என்ற சங்கதியைக் கொஞ்சம் பிடித்துக்கொள்ளுங்கள். நம் கோயில் கல்வெட்டுகளில் தேதி எப்படி இருக்கும்? அரசனின் ஆட்சியாண்டு. பாண்டியர் கல்வெட்டென்றால் 'இத்தனையாவது ஆண்டின் எதிர் இத்தனையாவது ஆண்டு' என்று இரண்டு எண்ணைப் போட்டு ஆய்வாளர்களை ஒரு வழி பண்ணிவிடுவார்கள். கி.பி. எல்லாம் ஏது? ஆனால் பல கல்வெட்டுகளில் கூடவே மாதம், பட்சம், திதி, கிழமை, நட்சத்திரம் எல்லாம் இருக்கும். இவை அத்தனையும் ஒன்றாகப் பொருந்துகிற நாள், ஓர் அரசனின் காலத்துக்குள் அபூர்வமாகத்தான் வரும். எல்.டி. சுவாமிக்கண்ணுப் பிள்ளை அதைத்தான் பிடித்துக்கொண்டார். சென்னை மாகாணத்தில் சர்க்கார் அதிகாரியாக இருந்து, பின்னால் சட்டமன்றத் தலைவராகவும் ஆனவர். 1911-ல் இந்தியக் காலக்கணிதம் பற்றியும், 1922-ல் பல நூற்றாண்டு நாட்களை அடுக்கிய பெரிய பஞ்சாங்கத் தொகுதிகளும் வெளியிட்டார். திதியும் கிழமையும் சேர்ந்து சாட்சி சொன்னதால், எத்தனையோ அரசர்களின் காலம் நிலைநாட்டப்பட்டது. கல்வெட்டு எழுதியவர் ஒரு தகவலை மட்டும் கொடுத்துவிட்டுப் போயிருந்தால் இது நடந்திருக்காது.

மறுபடி எவர்ஷெட்டுக்கு வாருங்கள். 1909 ஜனவரி 5, செவ்வாய்க்கிழமை. 1909 மே 1, சனிக்கிழமை. '5-1-09' பக்கத்தில் 'செவ்வாய்' என்று ஒரே ஒரு சொல் இருந்தால் போதும், நூறு வருஷம் கழித்துப் படிக்கிற அமெரிக்கருக்கும் சந்தேகம் வராது.

'விஞ்ஞானிக்கும் ராஜாவுக்கும் சரி, எனக்கென்ன?' என்பீர்களானால், உங்கள் செக் புத்தகத்தைப் பிரித்துப் பாருங்கள். தேதிக் கட்டத்தில் முதல் இரண்டு நாளுக்கு, அடுத்த இரண்டு மாதத்துக்கு, கடைசி நாலு வருஷத்துக்கு என்று அச்சடித்தே கொடுத்திருக்கிறார்கள். 2012 ஏப்ரல் 1 முதல் செக்கின் ஆயுள் மூன்று மாதம்தான். வரிசை மாறினால் செல்ல வேண்டிய செக் செல்லாது.

இதைவிடக் கனமான உதாரணமும் கொடைக்கானலிலேயே இருக்கிறது. அங்கே இருந்த இந்துஸ்தான் லீவரின் தெர்மாமீட்டர் ஆலையின் இயந்திரங்கள் அமெரிக்காவின் வாட்டர்டவுன் நகரிலிருந்து வந்தவை. பாதரசம் கலந்த உடைந்த கண்ணாடி ஊருக்குள் பழைய இரும்புக் கடையில் கிடந்தது தெரியவந்து, 2001 மார்ச் 7-ல் மக்கள் திரண்டார்கள். அந்த மாதமே ஆலை மூடப்பட்டது. 2003-ல் சுமார் 290 டன் கழிவு கப்பலேறி பென்சில்வேனியாவுக்குப் போனது. முன்னாள் தொழிலாளர்கள் 591 பேருக்கு உடன்பாடு கிடைக்க 2016 மார்ச் ஆனது. இப்படி ஒரு வழக்கில் எல்லாமே தேதிதான். எப்போது வேலைக்குச் சேர்ந்தார், எப்போது நின்றார், எப்போது உடம்புக்கு வந்தது. 7-3-2001 என்ற தேதியை அமெரிக்காவில் ஒருவர் படித்தால் ஜூலை 3. அதாவது, ஆலை மூடி நாலு மாதம் கழித்து மக்கள் போராடினார்கள் என்று ஆகிவிடும்! காரணம் பின்னால் போய், விளைவு முன்னால் வந்துவிடும். இன்னும் ஐம்பது வருஷம் கழித்து இந்தக் காகிதங்களைப் புரட்டப்போகிற யாரோ ஒரு மாணவிக்கு, பக்கத்தில் நின்று விளக்கம் சொல்ல நம்மில் யாரும் இருக்க மாட்டோம்.

ஆக, விக்கிப்பீடியா சண்டையில் யார் பக்கம் நியாயம்? வரிசையைப் பொறுத்தவரை யார் பக்கமும் இல்லை. நாள் முன்னால் வருவதில் புண்ணியமும் இல்லை, மாதம் முன்னால் வருவதில் பாவமும் இல்லை. தன் பழக்கம் எல்லோருக்கும் தெரியும் என்று நினைத்துக்கொள்வதுதான் தப்பு. அவரவர் திரையில் அவரவருக்குப் பிடித்தபடி தெரிய வைத்தது அந்தத் தப்பை மூடித்தான் வைத்தது, தீர்க்கவில்லை.

நம்மிடம் தீர்வு இல்லாமலும் இல்லை. வீட்டு அலமாரியில் ஏதாவது ஒரு கல்யாணப் பத்திரிகை இருக்கும், எடுத்துப் பாருங்கள். நிகழும் மங்களகரமான இன்ன வருஷம், இன்ன மாதம், இத்தனாம் தேதி, பக்கத்திலேயே இங்கிலீஷ் தேதி, கிழமை, திதி, நட்சத்திரம், லக்னம், மணி. ஒரே நாளை ஏழெட்டு விதமாகச் சொல்லியிருப்பார்கள். தாத்தா தமிழ்த் தேதியைப் பார்ப்பார், பேரன் இங்கிலீஷ் தேதியைப் பார்ப்பான், சமையல்காரர் கிழமையைப் பார்ப்பார். எல்லோரும் ஒரே நாளில், ஒரே மண்டபத்துக்கு வந்து சேர்வார்கள்.